நிழலுக்குக் குரல் தந்தோர்

பேசாப்படம் என்றதும் மௌனமே நினைவுக்கு வருதல் இயல்பு. ஆயினும், யப்பானியப் படமாளிகை அக்காலத்தில் மௌனமாய் இருந்ததே இல்லை. திரையின் ஓரத்தில் 'பென்ஷி' எனப்படும் கதைசொல்லி நிற்பார். வீரனுக்கும் அரக்கனுக்கும் கிழவிக்கும் அவரே குரல் கொடுப்பார். தாயும் பாட்டியும் சொல்லிவந்த பழங்கதைகள் திரைக்கு வந்தபோதும், வாய்மொழியின் துணையை விட்டுவிடவில்லை.

எஞ்சியிருக்கும் யப்பானியப் படங்களுள் மிகப் பழையனவற்றில் ஒன்று, 1899ஆம் ஆண்டில் சிபாத்தா சுனெகிச்சி எடுத்த 'மொமிஜிகரி'. இலைகள் சிவக்கும் பருவத்தில், இளவரசி வடிவில் வந்த அரக்கியை வீரன் ஒருவன் வெல்லும் கதை அது. கபுகி நாடகத்தின் பெருநடிகர் ஒன்பதாம் தஞ்சூரோ அரக்கியாக நடித்தார். திறந்த வெளியிற் படம் பிடித்தபோது, பெருங்காற்று அவர் கையிலிருந்த விசிறியைப் பறித்துச் சென்றது. அக்காட்சியும் படத்திலே நிலைத்துவிட்டது.

1921இல் மக்கினோ சோசோ 'வீரன் ஜிராய்யா'வைப் படமாக்கினார். ஜிராய்யா தவளை மாயம் கற்றவன். அவனுடைய பகைவனோ பாம்பு மாயம் வல்லவன். படப்பெட்டியை நிறுத்தி மீண்டும் இயக்கும் எளிய உத்தியால் மனிதர் திடீரென மறைந்தனர், தவளை தோன்றியது. மாயக்கதைக்கு ஏற்ற கருவி கிடைத்துவிட்டது!

சிறுவர் கதைகளும் பின்தங்கவில்லை. பீச்சுப் பழத்திற் பிறந்து, நாய், குரங்கு முதலியவற்றுடன் அரக்கர் தீவுக்குச் சென்ற மொமொத்தாரோவை, 1918இல் கித்தயாமா செய்த்தாரோ சித்திரப்படமாக்கினார். கன்னத்துக் கழலையை மலைப் பூதங்களிடம் இழந்து மகிழ்ந்த கிழவரின் கதையை, 1929இல் முரத்தா யசுஜி தாளில் வெட்டிய உருவங்களால் அசையச் செய்தார்.

அக்காலப் படங்களுட் பெரும்பாலானவை இன்று இல்லை. 1923ஆம் ஆண்டின் பெரும் பூகம்பம், எளிதில் தீப்பற்றும் படச்சுருள், போர்க்காலக் குண்டுவீச்சு ஆகியன அவற்றை விழுங்கின. ஜிராய்யாவிலும் ஒரு பகுதியே எஞ்சியது. பேசும்படம் வந்தபின் பென்ஷிகளும் தொழிலிழந்தனர். குரலிழந்த சுருள்களிற் பல, கதை விளங்காத வெறும் நிழல்களாயின.

ஆயினும் நூல் முற்றாக அறுந்துவிடவில்லை. மற்சுதா சுன்சுயி என்னும் பென்ஷி, போருக்குப் பின்னர் சிதறிக்கிடந்த சுருள்களைத் தேடிச் சேர்த்தார். தம் கலையை மாணாக்கருக்கும் கற்பித்தார். படத்தைக் காப்பது மட்டும் போதாது, அதற்குரிய குரலையும் காக்க வேண்டும் என அவர் உணர்ந்திருந்தார். சொல்வார் உள்ளவரையே கதைக்கு வாழ்வு.