நிழற்படத்தில் கண்ட வலிமை

ஒவ்வொரு நாடும் ஆண்மைக்கென ஓர் உருவம் வகுத்துக்கொள்கிறது. ஜப்பானியர் அதனைச் சூமோ மல்லரின் பருத்த உடலிலே கண்டனர். பதினெட்டாம் நூற்றாண்டு முதல் அவர்தம் மரச்செதுக்கு ஓவியங்கள் அதனைப் போற்றின. பெங்களூரில் வாழும் நேயர்கள் அறிய வேண்டிய உருவம் வேறொன்று உண்டு. அது கே. வி. ஐயருடையது.

இந்தியர் மெலிந்தவர், வலுவற்றவர் என்று ஆங்கிலேயர் பலர் இகழ்ந்த காலம் அது. மேனாட்டு உடற்கட்டு வீரர் யூஜின் சாண்டோ 1904-05ஆம் ஆண்டுகளில் இந்தியாவில் சுற்றுப்பயணம் செய்தார். அவர் பரப்பிய உடற்பயிற்சி முறை நம் இளைஞரையும் கவர்ந்தது. ஐயர் பெங்களூரில் ஹெர்க்குலிஸ் ஜிம்னாசியம் என்னும் பயிற்சிக்கூடம் நடத்தினார். கிரேக்கச் சிலை போன்று நின்று நிழற்படங்கள் எடுத்துக்கொண்டார். 1930இல் 'மஸில் கல்ட்' என்னும் ஆங்கில நூலை வெளியிட்டார். இகழ்ந்தோருக்கு அப்படங்களே தக்க விடையாயின.

ஆயினும், பிறர் நாட்டுச் சிலையாக நின்றுதான் நம் வலிமையை மெய்ப்பிக்க வேண்டுமா என்னும் வினா எழுகின்றது. ஐயர் அங்கேயே நின்றுவிடவில்லை. எடை தூக்கும் பயிற்சியோடு சூரிய நமஸ்காரத்தையும் இணைத்துக் கற்பித்தார். 1937இல் அதுபற்றித் தனி நூலும் எழுதினார். கன்னடத்தில் 'சாந்தலா' என்னும் வரலாற்று நாவலைப் படைத்தார். தமிழ்க் குடும்பத்திற் பிறந்து கன்னட நாடகத்தை வளர்த்த டி. பி. கைலாசம் இவருடைய நண்பர்.

தோள்வலியோடு கலையறிவையும் அண்டை மொழியன்பையும் பேணுதல் இயலும் என்பதற்கு ஐயரின் வாழ்வே சான்று. அயல் மாநிலத்தில் வாழும் நம் இளைஞர் இதனை நினைவிற் கொள்வது நன்று.