ஐயனார் காடு புலிக் காடான கதை

மலையும் கூட்டமும் திருவண்ணாமலைக்காரர்களுக்குப் பழகியவை. தீபத்தன்று எத்தனை லட்சம் பேர் வருவார்கள் என்பது எங்கள் ஊரில் சிறு பிள்ளைக்கும் தெரியும். எங்கள் மலையில் புலி கிடையாது. சாமியும் புலியும் ஒரே காட்டில் குடியிருக்கும் இடம் தெற்கே, பொதிகை மலையில் இருக்கிறது.

பாபநாசத்துக்கு மேலே, காரையாறு போகும் வழியில், தாமிரபரணிக் கரையில் சொரிமுத்து ஐயனார் கோயில். ஐயனார் கோயில்களுக்கெல்லாம் இதுவே மூலம் என்பது தென்மாவட்டத்து நம்பிக்கை. அங்கே காவல் தெய்வமான பட்டவராயன் சன்னதியில் நேர்ச்சையாகத் தோல் செருப்புகளைக் கட்டிவைத்திருப்பார்கள். நாளடைவில் அவற்றின் அடி தேய்ந்துபோகும். ராத்திரியில் பட்டவராயன் மாட்டிக்கொண்டு காட்டைச் சுற்றுகிறார் என்பார்கள். வனக்காவலர் வருவதற்கு முன்பே இந்தக் காட்டுக்குக் காவல் இருந்தது.

இந்த மலை சிங்கம்பட்டி ஜமீனுக்குச் சொந்தமாக இருந்தது. 1929-ல் அதில் ஒரு பகுதியை 99 ஆண்டுக் குத்தகைக்கு எடுத்த பம்பாய் பர்மா நிறுவனம், மாஞ்சோலையில் தேயிலை நட்டது. முண்டந்துறை 1962-ல் புலிகள் சரணாலயமானது. ஆனாலும் 1973-ல் மத்திய அரசின் புலிகள் திட்டம் 9 காப்பகங்களோடு தொடங்கியபோது தமிழ்நாட்டுக்கு அதில் ஒன்றுகூட இல்லை. 1976-ல் சிங்கவால் குரங்குக்காகக் களக்காடு சரணாலயம் வந்தது. இரண்டையும் சேர்த்து 1988-ல் பிறந்ததுதான் களக்காடு முண்டந்துறை புலிகள் காப்பகம். மாநிலத்தில் முதலாவது, நாட்டில் 17-வது. எல்லை வரைந்தபோது ஐயனார் உள்ளே இருந்தார்.

ஆடி அமாவாசைக்குக் குடில் போட்டு, பொங்கலிட்டு, நாட்கணக்கில் தங்குவது வழக்கம். ஆற்றில் விட்ட துணியும் பிளாஸ்டிக்கும் அங்கேயே கிடக்கும். இப்போது வனத்துறை தங்கும் நாட்களைக் குறைத்திருக்கிறது. தனியார் வண்டிகளை அகஸ்தியர்பட்டியிலேயே நிறுத்தி, அரசுப் பேருந்தில் ஆட்களை அனுப்புகிறது. பக்தர்களுக்கு இதில் வருத்தம் உண்டு. கோயிலையே இடைஞ்சல் என்று பேசுகிறவர்களோடு எனக்கும் உடன்பாடில்லை. காப்பகத்துக்கு மூத்தது கோயில். ஆனால் இந்தக் கட்டுப்பாடு நியாயமானது என்றே நினைக்கிறேன். மழைக்காட்டுக்குள் மான் குறைவு. மான் மேய்வது முண்டந்துறையின் திறந்த வெளிகளில். இரையைத் தேடிப் புலியும் அங்கேதான் வரவேண்டும். கோயிலுக்குப் போகும் சாலையும் அந்தப் பக்கமாகத்தான் போகிறது. ஐயனாரைப் புலிப்பால் தேடிக் காட்டுக்குப் போன ஐயப்பனாகவும் கும்பிடுகிறவர்கள், அந்தச் சாலையின் இரவுகளைப் புலிக்கு விட்டுத்தரலாம்.