திருவோணமும் ஒரு மணியின் கனவும்

திருமலைக் கருவறையில் கைமணி ஒலிப்பதில்லை. காரணம் கேட்டால் வைணவ மரபு ஒரு கனவைச் சொல்லும். காஞ்சியை அடுத்த தூப்புலைச் சேர்ந்த அனந்தசூரியும் தோதாரம்பாவும் பிள்ளை வரம் வேண்டி மலையேறினார்கள். அன்றிரவு கனவில் வந்த பெருமாள் தம் கைமணியைத் தந்தார். தோதாரம்பா அதை விழுங்கினார். விடிந்து பார்த்தால் சந்நிதியில் மணியைக் காணோம். அப்படிப் பிறந்த பிள்ளைதான் வேதாந்த தேசிகர். ஆண்டு 1268, மாதம் புரட்டாசி, நட்சத்திரம் திருவோணம். மாதமும் வேங்கடவனுடையது, நட்சத்திரமும் வேங்கடவனுடையது.

ஒரு நட்சத்திரம் கனவுகளை வீசி, சுற்றிலும் வாழ்கிறவர்களின் பண்பாட்டையே உருவாக்குவதாகக் கதைக்காரர்கள் கற்பனை செய்வதுண்டு. சித்தூர், திருப்பதி வட்டாரத்தில் அப்படி ஒன்றைத் தேடினால் திருவோணத்தைத்தான் கைகாட்ட முடியும். ஆனால் இங்கே வரிசை தலைகீழ். கனவு முதலில் வந்தது. நட்சத்திரம் பின்னால் வந்து அதற்குச் சாட்சி சொன்னது. சாட்சி கிடைத்த கனவு விழாவாயிற்று, கிடைக்காதது வீட்டுக் கதையாக நின்றது என்பதே என் வாதம்.

திருவோணம் திருமாலின் நாள் என்பது பழைய செய்தி. மதுரைக்காஞ்சி ஓண நாளை மாயோனோடு சேர்த்துச் சொல்கிறது. ஆனால் அங்கே விழா நடப்பது மதுரையில். வேங்கடத்து ஓணவிழாவைக் காணத் திருமழிசையாழ்வாரின் நான்முகன் திருவந்தாதிக்கு வரவேண்டும். வரிசையாக நிற்கும் மூன்று மீன்களை வைத்து நிகண்டுகள் இதற்கு முக்கோல் என்றும் பெயர் தருகின்றன. வடமொழி மரபு அந்த மூன்றையும் திரிவிக்கிரமனின் மூன்று அடிகளாகப் பார்த்தது. நடுவில் உள்ள பிரகாசமான மீனை வானியலார் ஆல்டேர் என்கிறார்கள். பறக்கும் கழுகு என்ற அரபுத் தொடரிலிருந்து வந்த பெயர் அது. நம்மிடமிருந்து ஏறத்தாழ 17 ஒளியாண்டு தொலைவு.

கழுகைக் கருடன் என்று மாற்றி, அரபு வானியலுக்கும் திருமலைக்கும் முடிச்சுப் போடும் ஆசை யாருக்கும் வரும். எனக்கும் வந்தது. ஆதாரம் இல்லாததால் விட்டுவிட்டேன்.

திருமலைப் பிரம்மோற்சவம் ஒன்பது நாள்; கடைசி நாள் சக்கர ஸ்நானம் திருவோணத்தில். அங்கிருந்து பின்னோக்கி எண்ணினால் கொடியேற்றம் சித்திரை நட்சத்திரத்தை ஒட்டி விழும். தேதிகளைப் பார்த்தாலே இந்தக் கணக்கு தெரிந்துவிடும். 2023-இல் அதிக மாதம் வந்ததால் பிரம்மோற்சவம் இரண்டு. முதல் சக்கர ஸ்நானம் செப்டம்பர் 26, இரண்டாவது அக்டோபர் 23. இடைவெளி 27 நாள், அதாவது நிலா 27 நட்சத்திரங்களையும் ஒரு சுற்றுச் சுற்றிவரும் காலம். இத்தனைக்கும் நிலா திருவோணத்தை நெருங்குவதே இல்லை; அந்த மீன் நிலாப் பாதைக்கு வடக்கே சுமார் 30 பாகை தள்ளி நிற்கிறது. விழாவுக்கு வருகிற லட்சக்கணக்கானவர்களில் அதை அண்ணாந்து பார்ப்பவர் எத்தனை பேர்? பஞ்சாங்கத்தில் இருந்தால் போதும்.

சித்தூர் மாவட்டம் 1911-இல் உருவானது. 1960-இல் திருத்தணி சென்னை மாநிலத்துக்கு வந்தது, திருப்பதி ஆந்திரத்திலேயே நின்றது. 2022-இல் திருப்பதி தனி மாவட்டமாயிற்று. வரைபடத்தில் இல்லாத இன்னொரு எல்லையும் இந்த நிலத்தின் வழியே போகிறது. தமிழ் வைணவர் பெரியோரின் பிறந்தநாளைச் சூரிய மாதமும் நட்சத்திரமுமாகக் குறிப்பார்கள். தெலுங்கர் வழக்கில் சாந்திரமான மாதமும் திதியும் முன்னே நிற்கும். ஆந்திரத்து மலையில், தெலுங்கு மாதக் கணக்கில் நடக்கும் விழாவின் முடிவு நாளை இன்றும் ஒரு நட்சத்திரம் தீர்மானிக்கிறது. ஆழ்வார் காலத்து வண்டல் என்றே இதை நான் கருதுகிறேன்.

இனி கனவு. பொன்னவன் செய்ததாகச் சொல்லப்படும் கனாநூல், எந்த யாமத்தில் கண்டது என்பதை வைத்துப் பலன் சொல்கிறது. சித்தூர்ப் பக்கத்து வீடுகளில் யாமத்தையெல்லாம் யாரும் கேட்பதில்லை. “பெருமாள் கனவுல வந்து கேட்டுட்டார்” என்றாலும், “ஸ்வாமி கலலோ கனிபிஞ்சாடு” என்றாலும் பொருள் ஒன்றே: நேர்ந்துகொண்டது பாக்கி நிற்கிறது. உடனே மஞ்சள் துணியில் காசு முடிந்து பூசை மாடத்தில் வைப்பார்கள். புரட்டாசிச் சனிக்கிழமை நாமம் போட்ட சொம்போடு பிள்ளைகள் நாலு வீட்டு வாசலில் கோவிந்தா சொல்லி அரிசி வாங்கி வருவார்கள். அந்த அரிசிதான் தளிகைக்கு. குபேரனிடம் கடன் பட்ட சாமிக்குத் தெலுங்கில் ‘வட்டிக்காசுலவாடு’ என்று பெயர். வட்டி கறாரானவர் கனவில் நோட்டீஸ் அனுப்புவதில் வியப்பில்லை! ஆனால் காணிக்கை உண்டியலில் விழுந்ததும் அந்தக் கனவின் வேலை முடிந்துவிடுகிறது. அதற்கு ஆண்டுவிழா கிடையாது.

மறுதரப்புக்கு அன்னமாச்சாரியார் இருக்கிறார். சிறுவனாக மலையேறியபோது களைத்துத் தூங்கியவருக்கு அலமேலுமங்கை காட்சி தந்தாள் என்பது மரபு. அவர் பாடிய பாடல்கள் 32,000 என்பார்கள். கிடைத்தவை 14,000 அளவில். விசாகம் அவருடைய நட்சத்திரம், சரி. ஆனால் அவர் கண்ட காட்சிக்கு எந்த நட்சத்திரமும் சாட்சி சொல்லவில்லை. அதைச் சுமந்தது செம்பு. கோயிலுக்குள்ளேயே ஒரு சிற்றறையில் கிடந்த, அவர் பாடல்கள் பொறித்த ஆயிரக்கணக்கான செப்பேடுகள் 1922-இல்தான் வெளிச்சத்துக்கு வந்தன. வேட்டூரி பிரபாகர சாஸ்திரியும் ராள்ளபள்ளி அனந்தகிருஷ்ண சர்மாவும் உழைத்த பிறகே அந்தப் பாடல்கள் வெகுசனத்தின் வாய்க்கு வந்தன. செம்பு அழியாது, ஆனால் அறையைப் பூட்டிவிடலாம். மாதந்தோறும் திரும்பி வரும் நட்சத்திரத்தை எந்த அறையில் வைத்துப் பூட்டுவது?

தேசிகரின் பிறப்புக் கனவு நிலைத்ததற்கு அவரை ஆசாரியராகக் கொண்ட வடகலைச் சம்பிரதாயம்தான் காரணம், நட்சத்திரம் அல்ல என்று மறுக்கலாம். பாதி சரி. அவரே எழுதிய சங்கற்ப சூரியோதயத்தின் முன்னுரையிலேயே அவர் மணியின் அவதாரம் என்ற குறிப்பு உண்டு. மடங்கள் அதைக் காத்தன. அதே திருவோணத்தைக் கொண்டாடும் தென்கலையாருக்கு அந்த மணி முக்கியமில்லை. ஆக நட்சத்திரம் மட்டும் போதாது என்பதை ஒப்புக்கொள்கிறேன். ஆனால் அந்தப் பிள்ளை வேறொரு மாதத்தில், ரோகிணியிலோ பூசத்திலோ பிறந்திருந்தால், தோதாரம்பா கண்டது இன்னொரு தாயின் கனவு என்ற அளவில் நின்றிருக்கும். கனவைப் பார்த்தவர் ஒருவர். நட்சத்திரத்தை ஊரே எண்ணிப் பார்க்கலாம்.

பிரம்மோற்சவத்தின் ஐந்தாம் நாள் இரவு கருட சேவை. மாடவீதியில் கற்பூரப் புகைக்கு நடுவே வாகனம் திரும்பும் எட்டு மணி வாக்கில், மேகம் விலகினால், முக்கோல் கிட்டத்தட்ட உச்சந்தலைக்கு நேரே நிற்கும். நிலா அப்போது கேட்டைப் பக்கம், தென்மேற்கில் இருக்கும். அது திருவோணத்துக்கு வர இன்னும் நான்கு நாள்.