பந்தும் சம்பளமும்



போடிநாயக்கனூரிலிருந்து 17 கொண்டை ஊசி வளைவுகளைக் கடந்து மலையேறினால் போடிமெட்டு வரும். இப்பால் தமிழ்நாடு, அப்பால் கேரளம். நான் சிறுவனாக இருந்த நாளில், அங்கே சோதனைச் சாவடியை அடுத்த தேநீர்க் கடையில் ஒரு பழைய வானொலிப் பெட்டி இருந்தது. முள்ளைச் சற்று நகர்த்தினால் தமிழ் ஒலிக்கும். இன்னும் சற்று நகர்த்தினால் மலையாளம் ஒலிக்கும். கால்பந்து வருணனை பெரும்பாலும் மலையாளத்தில்தான் வரும். ஏலத்தோட்டத்திலிருந்து திரும்பியவர்கள் சாக்கைத் தோளிலிருந்து இறக்கவும் மறந்து அதைக் கேட்டுக்கொண்டு நிற்பார்கள். பாதி வருணனை அவர்களுக்கு விளங்காது. ஆனால் 'கோல்' என்னும் சொல்லுக்கு மொழிபெயர்ப்பு வேண்டுமோ?

மெட்டைத் தாண்டிப் பூப்பாறை வழியாகச் சென்றால் மூணாறு. அங்குள்ள கண்ணன் தேவன் மலைத் தேயிலைத் தோட்டங்களில் உழைப்பவர்களில் மிகப் பலர் தமிழர். தோட்ட அணிகள் தமக்குள் மோதும் பின்லே கேடயப் போட்டி அந்த மலைக்கு ஒரு திருவிழா. அதில் ஆடுபவர் எவரும் தம்மைத் தொழில்முறை ஆட்டக்காரர் என்று சொல்லிக்கொள்வதில்லை. கொழுந்துக் கூடையும் கவாத்துக் கத்தியுமே அவர்கள் தொழில். இருப்பினும் நன்றாகப் பந்து உதைப்பவனுக்குத் தோட்டத்தில் ஒரு தனி மதிப்பு உண்டு. நம் நாட்டில் தொழில்முறைக் கால்பந்து வளர்ந்த வரலாற்றை ஆராயப் புகுந்தபோது எனக்கு முதலில் நினைவுக்கு வந்தவர்கள் அவர்களே. ஆட்டக்காரனுக்குச் சோறு போடுபவர் யார் என்ற வினாவைப் பின்தொடர்ந்து சென்றால் அந்த வரலாறு முழுவதும் நமக்குப் புலப்பட்டுவிடும்.

முதலில் ஒரு வேறுபாட்டைத் தெளிவு செய்துகொள்வோம். கோப்பைப் போட்டி வேறு; லீக் போட்டி வேறு. கோப்பைப் போட்டியில் தோற்றவன் அன்றைக்கே மூட்டை கட்டிக்கொண்டு ஊர் திரும்ப வேண்டியதுதான். லீக்கில் ஒவ்வோர் அணியும் மற்ற ஒவ்வோர் அணியோடும் ஆடும். 10 அணிகள் இருமுறை மோதினால் ஓர் அணிக்கு 18 ஆட்டங்கள். மொத்தம் 90 ஆட்டங்கள். மாதக்கணக்கில் ஆட்டம் நடந்தால்தான் மாதச் சம்பளம் கொடுக்க வழி பிறக்கும். ஆகவே லீக் இல்லாத இடத்தில் தொழில்முறை ஆட்டமும் நிலைப்பதில்லை.

நம் நாட்டில் முதலில் வந்தது கோப்பை. 1888ஆம் ஆண்டில் சிம்லாவில் டியூராண்ட் கோப்பைப் போட்டி தொடங்கியது. பத்தாண்டு கழித்து, 1898இல், கல்கத்தா லீக் பிறந்தது. ஆசியாவிலேயே மிகப் பழைய லீக் இதுதான். தொடக்கத்தில் வெற்றி பெற்றவர்கள் எல்லாம் வெள்ளையர் அணிகளே. 1911இல் மோகன் பகான் கழகத்தார் ஈஸ்ட் யார்க்‌ஷயர் படைப்பிரிவை 2-1 என வென்று ஐ.எஃப்.ஏ. கேடயத்தைக் கைப்பற்றிய கதையை நீங்கள் அறிவீர்கள். அவர்களில் ஒருவரைத் தவிர ஏனையோர் வெறுங்காலோடு ஆடினர். அது கேடயப் போட்டி. லீக்கை ஓர் இந்திய அணி வெல்வதற்கு மேலும் 23 ஆண்டுகள் ஆயின. 1934இல் முகமதன் ஸ்போர்ட்டிங் அதை வென்றது. அதோடு நில்லாமல் 1938 வரை ஐந்து முறை தொடர்ந்து வென்றது.

விடுதலைக்குப் பின் வந்த பதினைந்து ஆண்டுகளே நம் கால்பந்தின் பொற்காலம். 1951இலும் 1962இலும் ஆசிய விளையாட்டில் தங்கம். 1956இல் மெல்போர்ன் ஒலிம்பிக்கில் ஆஸ்திரேலியாவை 4-2 என வென்று நான்காம் இடம். அந்த ஆட்டத்தில் நெவில் டிசூசா மட்டும் மூன்று கோல் போட்டார். அந்நாளைய வீரர்களுக்குச் சோறு போட்டவர் யார்? பயிற்சியாளர் ரஹீம் பள்ளி ஆசிரியராக இருந்தவர். அவர் வளர்த்த ஐதராபாத் நகரக் காவல்துறை அணி 1950 முதல் 1954 வரை ரோவர்ஸ் கோப்பையை ஐந்து முறை தொடர்ந்து வென்றது. பி. கே. பானர்ஜி கிழக்கு ரயில்வேயைச் சேர்ந்தவர். 1958இல் அந்த ரயில்வே அணி கல்கத்தாவின் பெரிய கழகங்களைப் பின்தள்ளி லீக்கையே வென்றது. நம் நீலகிரியில், குன்னூரை அடுத்த வெலிங்டனில் உள்ள மதராஸ் படைப்பிரிவு மைய அணி 1955இலும் 1958இலும் டியூராண்ட் கோப்பையைக் கைக்கொண்டது. ஆசியாவின் சிறந்த கோல் காவலர் எனப் புகழ் பெற்ற பீட்டர் தங்கராஜ் அந்த அணியில் ஆடியவர். காவலர், ரயில்வே ஊழியர், சிப்பாய் என்பனவே இவர்களுக்குப் பதிவேட்டில் இருந்த பெயர்கள். காலையில் பயிற்சி, பகலில் அலுவல், மாலையில் ஆட்டம். காலில் அடிபட்டாலும் வேலை போகாது. ஆட்டம் ஓய்ந்தபின் ஓய்வூதியம் உண்டு.

இதைப் பழைமை என்று சிலர் இகழ்கிறார்கள். நான் அவ்வாறு எண்ணவில்லை. ஜப்பானும் இதே வழியில்தான் நடந்தது. 1965இல் அங்கே தொடங்கிய லீக்கில் ஆடியவை எல்லாம் பெரும்பாலும் தொழிற்சாலை அணிகளே. பின்னர் அவர்கள் ஒரு காரியம் செய்தார்கள். 1993இல் 10 கழகங்களோடு ஜே-லீக்கைத் தொடங்கும்போது, அணி ஊருக்கு உரியதாக வேண்டும், ஊரின் பெயரைத் தாங்க வேண்டும் என்று விதித்தார்கள். மிட்சுபிஷி நிறுவனத்தின் அணி உராவா ரெட்ஸ் ஆயிற்று. ஆலை முதலாளி மாறினாலும் ஊர் மாறாதல்லவா? ஆண்டுகள் செல்லச் செல்ல, ஒன்றின் கீழ் ஒன்றாக மூன்று பிரிவுகளில் 60 கழகங்கள் அங்கே உருவாயின. தென் கொரியா இன்னும் முந்திக்கொண்டு 1983இலேயே ஐந்து அணிகளோடு தன் லீக்கைத் தொடங்கியிருந்தது. 1962இல் ஜகார்த்தாவில் 2-1 என நாம் வென்ற அதே கொரியாதான்.

நாம் அகில இந்திய அளவில் லீக் தொடங்கியது 1996இல். தேசிய கால்பந்து லீக் என்று பெயர், 12 அணிகள். முதற்பட்டத்தைப் பஞ்சாபின் பக்வாரா நகரத்து ஜே.சி.டி. ஆலை அணி வென்றது. சென்னையின் இந்தியன் வங்கி அணியும் இந்த லீக்கில் ஆடியதுண்டு. பெயர்தான் தொழில்முறை லீக். அணிகளில் பல அலுவலக அணிகள், ஆலை அணிகள். 1997இல் கொச்சியில் எஃப்.சி. கொச்சின் என்ற கழகம் ஆட்டத்தையே தொழிலாகக் கொண்டு தோன்றியது. தோன்றிய ஆண்டிலேயே டியூராண்ட் கோப்பையை வென்று எல்லோரையும் வியக்க வைத்தது. சில ஆண்டுகளிலேயே பணமின்றிக் கலைந்தும் போயிற்று.

அந்தக் கழகத்தில் ஆடியவர்களுள் ஐ. எம். விஜயன் ஒருவர். திருச்சூர் மைதானத்தில் சோடா விற்ற சிறுவன் அவர். கேரளக் காவல்துறை அவருக்கு வேலை கொடுத்தது. 1990, 1991 ஆகிய ஆண்டுகளில் அந்த அணி கூட்டமைப்புக் கோப்பையை வென்றது. பின்னர் மோகன் பகான், ஜே.சி.டி., எஃப்.சி. கொச்சின் எனப் பல கழகங்களில் பெரும் சம்பளம் பெற்று ஆடினார். ஆட்டம் ஓய்ந்ததும் எங்கே போனார் தெரியுமா? மீண்டும் காவல்துறைக்கே போனார். 2025இல் பத்மஸ்ரீ பெற்றார். அதே ஆண்டில் காவல்துறை அதிகாரியாக ஓய்வும் பெற்றார். இந்தியக் கால்பந்தின் ஐம்பதாண்டுப் பொருளாதாரத்தை இந்த ஒரு வாழ்க்கையில் படித்துவிடலாம்.

எல்லோருக்கும் திரும்பிப் போக ஓர் அலுவலகம் இருப்பதில்லை. என் சித்தப்பாவின் மகன் ஒருவர், எனக்கு அண்ணன் முறை, போடிக் கல்லூரி அணியில் ஆடியவர். ஒரே மாதத்தில் அவருக்கு இரண்டு அழைப்புகள் வந்தன. ஒன்று, ஓர் அரசுத் துறையில் விளையாட்டு ஒதுக்கீட்டில் எழுத்தர் வேலை. மற்றொன்று, வெளிமாநிலக் கழகம் ஒன்றின் ஒப்பந்தம். சம்பளம் எழுத்தர் சம்பளத்தைப் போல் மூன்று மடங்கு. சித்தப்பா ஏலத்தோட்டக்காரர். அவர் கேட்டது ஒரே கேள்விதான்.

"எத்தனை வருஷத்துக்கு எழுதியிருக்கான்?"

"ஒரு வருஷத்துக்கு அப்பா. நல்லா ஆடினா நீட்டிப்பாங்க."

"ஏலச் செடியே மூணாம் வருஷந்தான் காய்க்குது" என்று சொல்லிவிட்டு அவர் எழுந்து போய்விட்டார்.

அண்ணன் ஒப்பந்தத்தையே ஏற்றார். நானும் அப்போது அவர் பக்கமே பேசினேன். இரண்டாம் ஆண்டின் நடுவில் அந்தக் கழகம் கலைக்கப்பட்டது. கடைசி நான்கு மாதச் சம்பளம் வரவே இல்லை.

நிற்க. தேசிய லீக் 2007இல் 10 அணிகளோடு ஐ-லீக் என்று புது வடிவம் பெற்றது. அதன் முதற்பட்டம் கோவாவின் டெம்போ கழகத்துக்குச் சென்றது. ஆனால் ஆலை முதலாளிகள் ஒவ்வொருவராக விலகினர். மும்பையின் மகிந்திரா யுனைடெட் 2010இல் மூடப்பட்டது. முதற்பட்டம் வென்ற ஜே.சி.டி.யே 2011இல் அணியைக் கலைத்தது. ஜப்பானில் ஊரின் கைக்கு மாறிய அணிகள் இங்கே யார் கைக்கும் மாறாமல் மறைந்தன. இதற்கிடையே 2010இல் அகில இந்தியக் கால்பந்துச் சம்மேளனம் தன் வாணிப உரிமைகளை 15 ஆண்டுகளுக்கு, 700 கோடி ரூபாய்க்கு ஒரு தனியார் கூட்டு நிறுவனத்திடம் ஒப்படைத்தது. அதன் பயனாக 2014இல் எட்டு அணிகளோடு இந்தியன் சூப்பர் லீக் தொடங்கியது. வெளிநாட்டு நட்சத்திரங்கள் வந்தனர். நல்ல புல்தரையும் தொலைக்காட்சியும் வந்தன. எங்கள் மெட்டு வழியாகச் செல்லும் நெடுஞ்சாலையின் மேற்கு முனை கொச்சி. அங்கே மஞ்சள் உடை அணிந்து கூடிய கூட்டத்தைக் காண எங்கள் ஊர் இளைஞர்களும் வண்டி பிடித்துப் போனார்கள். சென்னையின் அணி 2015இலும் 2018இலும் பட்டம் வென்றது. ஆட்டக்காரர் சம்பளம் உயர்ந்தது என்பதை மறுக்க முடியாது.

குறை வேறிடத்தில் இருந்தது. உலகின் பெரும்பாலான லீக்குகளில் ஓர் ஏணி உண்டு: கீழ்ப்பிரிவில் வென்றவன் மேலே ஏறுவான், மேலே கடைசியாக வந்தவன் கீழே இறங்குவான். இங்கே இடத்தை விலை கொடுத்து வாங்க வேண்டியிருந்தது. இதன் கொடுமையை அனுபவித்தது தமிழ்நாட்டு அணி ஒன்றே. கோயம்புத்தூர் நேரு விளையாட்டரங்கைத் தாயகமாகக் கொண்டு ஆடிய சென்னை சிட்டி கழகம், 2019 மார்ச் 9ஆம் நாள் மினர்வா பஞ்சாபை 3-1 என வென்று ஐ-லீக் பட்டம் பெற்றது. எட்வின் சிட்னி, பாண்டியன் சீனிவாசன் போன்ற நம் தமிழ் இளைஞர்கள் அதில் ஆடினர். ஏணியின் உச்சிப் படியில் அவர்கள் கால் வைத்த அதே ஆண்டில், நாட்டின் முதல் நிலை லீக் என்ற தகுதி சூப்பர் லீக்குக்கு மாற்றப்பட்டது. வென்றவர்கள் இரண்டாம் நிலையில் நின்றார்கள். 2021க்குப் பின் அந்தக் கழகத்தைத் தேசிய ஆடுகளத்தில் காணவில்லை. மேலேறும் வழி 2023இல்தான் திறந்தது. பஞ்சாப் கழகம் முதலில் ஏறியது. 2024இல் முகமதன் ஸ்போர்ட்டிங், 1934இன் அந்தப் பழைய வீரக் கழகம், ஏறியது. கீழிறங்கும் வழியோ 2025 வரை திறக்கப்படவில்லை.

சென்னை சிட்டி வென்ற அந்த 2019இலேயே, எங்கள் மதுரைச் சீமையைச் சேர்ந்த சேது கழகத்துப் பெண்கள் மகளிர் லீக் பட்டத்தை வென்றதையும் சொல்லாமல் விட மனம் வரவில்லை. மகளிர் லீக் தொடங்கி அப்போது சில ஆண்டுகளே ஆகியிருந்தன. பத்திரிகைகள் அதற்கு ஒதுக்கிய இடம் மிகச் சிறிது.

2010இல் எழுதிய ஒப்பந்தத்தின் 15 ஆண்டுகள் 2025 டிசம்பரில் முடிந்தன. அடுத்து என்ன என்பது தெளிவாகாததால், அவ்வாண்டு ஜூலையிலேயே சூப்பர் லீக்கின் புதிய பருவம் நிறுத்தி வைக்கப்பட்டது. சில கழகங்கள் ஆட்டக்காரர் சம்பளத்தையும் நிறுத்தின. உச்சநீதிமன்றம் வரை வழக்குச் சென்றது. உரிமையை ஏலத்துக்கு விட்டபோது கேட்பார் எவரும் முன்வரவில்லை. ஆண்டு முடியும்வரை லீக் தொடங்கவில்லை.

அந்தச் செய்தியை நான் அண்ணனிடம் சொன்னபோது அவர் போடியில் தம் ஜீப்பின் சக்கரத்தைக் கழற்றிக்கொண்டிருந்தார். விடியற்காலையில் ஏலத்தோட்டத்துக்கு ஆள் ஏற்றிச் செல்வது இப்போது அவர் தொழில். கோடிக் கணக்கைப் பற்றியோ நீதிமன்றத்தைப் பற்றியோ அவர் ஒன்றும் விசாரிக்கவில்லை. "பையன்களுக்கு எத்தனை மாசம் பாக்கி?" என்று மட்டும் கேட்டார்.