வயலினும் வயலன்ஸும்: கில்டா ரேட்னர் என்கிற கோமாளி

"டிவியில வயலின் காட்டுறதுக்கு எதுக்குய்யா இவ்வளவு எதிர்ப்பு? குழந்தைங்க வயலின் பார்த்தா கெட்டுப் போயிடுமா என்ன?"

மூக்குக்கண்ணாடியும் ஸ்வெட்டருமா ஒரு வயசான அம்மா, டிவி செய்திக்கு நடுவே உட்கார்ந்துகொண்டு பொரிந்து தள்ளுகிறார். பக்கத்தில் இருக்கும் செய்தி வாசிப்பாளர் பொறுமையாகக் கேட்டுவிட்டு, "அம்மா, அது வயலின் இல்லை, வயலன்ஸ். வன்முறை" என்கிறார். அந்த அம்மா ஒரு நொடி யோசிக்கிறார். "ஓ, அப்படியா? அப்போ அது வேற விஷயம்." கேமராவைப் பார்த்து ஒரு சிரிப்பு. "சரி, விடுங்க."

அவ்வளவுதான் ஜோக். அடுத்த முறை வந்து, சோவியத் யூதர்களைக் குறிக்கும் 'ஜ்யூரி' என்ற வார்த்தையை 'ஜுவல்லரி' என்று காதில் வாங்கிக்கொண்டு, சோவியத் நகைகளைப் பத்தி ஏன் எல்லாரும் கவலைப்படறாங்கன்னு சண்டை போடுவார். முடிவு என்னன்னு எல்லாருக்கும் தெரியும். இருந்தாலும் அமெரிக்காவே அந்த "சரி, விடுங்க"வுக்காகக் காத்திருந்தது.

இந்தப் பாத்திரத்தின் பெயர் எமிலி லிட்டெல்லா. நடித்தவர் கில்டா ரேட்னர். அப்போது அவருக்கு முப்பது வயதுதான் இருக்கும். காது சரியாகக் கேட்காத பாட்டியாக நடித்து ஊரைச் சிரிக்க வைத்தவருக்கு, கடைசியில் தன் உடம்பு சொன்னதைக் கேட்க ஆள் கிடைக்காமல் போனது. அதனால்தான் இவரைப் பற்றி எழுதத் தோன்றியது.

கில்டா பிறந்தது 1946 ஜூன் 28, டெட்ராய்ட் நகரில். வசதியான யூதக் குடும்பம். அப்பா ஹெர்மன், செவில் என்று ஒரு ஹோட்டல் நடத்தினார். ஊருக்கு வரும் பாடகர்களும் மேடைக் கலைஞர்களும் தங்கும் இடம் அது. அப்பாவுக்கு மேடை என்றால் உயிர். மகளையும் நாடகம், பாட்டுன்னு கூட்டிக்கொண்டு போவார். கில்டாவுக்குப் பன்னிரண்டு வயது இருக்கும்போது அவருக்கு மூளையில் கட்டி வந்தது. இரண்டு வருஷம் படுக்கையில் கிடந்து இறந்துபோனார். அந்த இழப்பு கில்டாவை விட்டு ஒருநாளும் போகவில்லை.

வீட்டில் இன்னொரு முக்கியமான ஆள் உண்டு. கைக்குழந்தையிலிருந்து அவரை வளர்த்த ஆயா. கில்டா 'டிப்பி' என்று கூப்பிடுவார். டிப்பிக்குக் காது கொஞ்சம் மந்தம். எமிலி லிட்டெல்லா எங்கிருந்து வந்தார்னு இப்போ புரிஞ்சிருக்குமே :-)

சின்ன வயதில் கில்டா குண்டு. பத்து வயதிலேயே உடம்பு இளைக்க மாத்திரை கொடுத்திருக்கிறார்கள். பள்ளிக்கூடத்தில் கிண்டல். டிப்பி சொன்ன வைத்தியம் ஒன்றுதான். அடுத்தவங்க உன்னைக் கிண்டல் பண்றதுக்கு முன்னாடி நீயே பண்ணிடு, அப்புறம் அவங்களுக்குச் சொல்ல ஒண்ணும் இருக்காது. கில்டாவின் நகைச்சுவை முழுக்க இந்த ஒரு வரியில் இருக்கிறது என்பது என் கட்சி. வெளியே சிரிப்பு, உள்ளே எடையைப் பற்றிய பயம். சாப்பிட்டதை வாந்தி எடுக்கும் புலிமியா நோயும் அவரை ரொம்ப வருஷம் ஆட்டி வைத்தது. அதையும் பிற்பாடு அவரே மறைக்காமல் எழுதினார்.

மிச்சிகன் பல்கலைக்கழகத்தில் சேர்ந்தார், முடிக்கவில்லை. ஒரு காதலர் பின்னால் கனடாவின் டொரான்டோவுக்குப் போய்விட்டார். காதல் நிலைக்கவில்லை, ஊர் நிலைத்தது. 1972-இல் அங்கே போட்ட 'காட்ஸ்பெல்' இசை நாடகத்தில் இடம் கிடைத்தது. அந்தக் குழுவில் கூட இருந்தவர்கள் யார் யார் தெரியுமா? மார்ட்டின் ஷார்ட், யூஜின் லெவி, ஆண்ட்ரியா மார்ட்டின், விக்டர் கார்பர். பியானோவில் பால் ஷேஃபர். அத்தனை பேரும் பின்னாளில் பெரிய ஆளாக வந்தவர்கள். அதன்பிறகு 'செகண்ட் சிட்டி' குழு. கையில் வசனம் இல்லாமல் மேடையிலேயே யோசித்து நடிக்கும் பள்ளி அது. அங்கிருந்து ஜான் பெலுஷி அவரை 'நேஷனல் லாம்பூன்' நிகழ்ச்சிகளுக்காக நியூயார்க்குக்கு அழைத்துப் போனார்.

1975-இல் லோர்ன் மைக்கேல்ஸ் என்ற இளைஞர், என்பிசி சேனலுக்காக சனிக்கிழமை ராத்திரி பதினொன்றரை மணிக்கு ஒரு நேரலை நிகழ்ச்சி ஆரம்பித்தார். ஒன்றரை மணி நேரம், குட்டிக் குட்டி நாடகங்கள், நடுவில் பாட்டு, பொய்ச் செய்திகள். இதுதான் 'சாட்டர்டே நைட் லைவ்'. அந்தக் குழுவுக்கு முதன்முதலில் தேர்வான நடிகர் கில்டா. முதல் நிகழ்ச்சி 1975 அக்டோபர் 11 அன்று ஒளிபரப்பானது. ஐம்பது வருஷம் தாண்டி இன்னும் அது ஓடிக்கொண்டிருக்கிறது.

நேரலை என்றால் ரீடேக் கிடையாது. சொதப்பினால் நாடே பார்க்கும். ஏழு பேர் கொண்ட ஆரம்பக் குழுவில் பெண்கள் மூன்று பேர். கில்டா, ஜேன் கர்ட்டின், லரேன் நியூமன். பெண்களுக்குக் காமெடி வராது என்று வெளிப்படையாகப் பேசும் ஆட்கள் அங்கேயே இருந்தார்கள். பெண்கள் எழுதிய ஸ்கெட்ச் என்றால் பெலுஷி வேண்டுமென்றே சொதப்புவார் என்று ஜேன் கர்ட்டின் பல வருஷம் கழித்துச் சொன்னார். கில்டாவை நியூயார்க்குக்குக் கூட்டி வந்தவரும் அதே பெலுஷிதான். மனுஷங்க அப்படித்தான் போல.

கில்டா இதற்கெல்லாம் மேடையிலேயே பதில் சொன்னார். ரோசேன் ரோசேனடேனா என்று ஒரு பாத்திரம். முக்கோணமாக விரிந்த தலைமுடி, அடித்தொண்டைக் குரல். நியூயார்க்கின் உள்ளூர் சேனலில் செய்தி வாசித்த ஒரு பெண்ணின் பேரைத் திரித்து வைத்த பெயர். நேயர் கடிதத்துக்குப் பதில் சொல்ல ஆரம்பிப்பார். அது மூக்குச்சளி, வியர்வை, பல்லிடுக்கில் மாட்டிய சாப்பாடு என்று எங்கெங்கோ போகும். பக்கத்தில் ஜேன் கர்ட்டின் முகத்தைச் சுளிப்பார். டிவியில் ஒரு பெண் இப்படிப் பேசலாமா என்ற கேள்விக்கே அந்தக் காலத்தில் இடமில்லை. இவர் பேசினார், மக்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள்.

இன்னொன்று 'பாபா வாவா'. 1976-இல் பார்பரா வால்டர்ஸ், வருஷத்துக்கு பத்து லட்சம் டாலர் சம்பளத்தில், அமெரிக்காவின் பெரிய சேனல் ஒன்றின் மாலைச் செய்தியில் இணை வாசிப்பாளராக அமர்ந்த முதல் பெண். அவருக்கு 'ர' உச்சரிப்பு கொஞ்சம் தகராறு. கில்டா அதைப் பிடித்துக்கொண்டார். வால்டர்ஸுக்கு முதலில் எரிச்சல்தான். அப்புறம் அவரே சிரிக்க ஆரம்பித்தார்.

எனக்குப் பிடித்தது ஜூடி மில்லர். ஒரு சின்னப் பெண், தன் படுக்கையறையில் தனியாக, தனக்கென ஒரு டிவி ஷோ நடத்துவாள். கட்டிலில் குதிப்பாள், ஓடுவாள், விழுவாள், இல்லாத கூட்டத்துக்குக் கையசைப்பாள். நடிப்பு என்றே தெரியாது. தனியாக வளர்ந்த குழந்தை யாராக இருந்தாலும் தன்னை அங்கே பார்க்கலாம்.

1978-இல் எம்மி விருது கிடைத்தது. என்பிசி அவருக்கென்றே தனி நிகழ்ச்சி தர முன்வந்தது, கில்டா வேண்டாம் என்றார். 1979-இல் பிராட்வேயில் தனி ஷோ. 1980-இல் ஐந்து வருஷம் முடித்து சாட்டர்டே நைட் லைவை விட்டு வெளியே வந்தார். அதற்குப் பிறகு சினிமா. அது அவருக்குச் சரிவரவில்லை என்று தயங்காமல் சொல்லலாம். ஐந்து நிமிடத்தில் ஒரு முழு மனுஷியைக் காட்டத் தெரிந்தவருக்கு, இரண்டு மணி நேரக் கதாநாயகி வேஷத்தில் செய்ய ஒன்றும் இல்லை. ஆனால் 'ஹான்கி பான்கி' (1982) படம் ஒரு நல்ல காரியம் செய்தது. கூட நடித்த ஜீன் வைல்டரைச் சந்தித்தார். 'வில்லி வோன்கா' படத்தில் சாக்லேட் தொழிற்சாலை முதலாளியாக வருவாரே, அவரேதான். 1984-இல் கல்யாணம்.

குழந்தை வேண்டும் என்று ரொம்ப ஆசைப்பட்டார், கரு தங்கவில்லை. 1986 ஆரம்பத்தில் உடம்பு படுத்த ஆரம்பித்தது. காரணமில்லாத அசதி, விட்டு விட்டு லேசான காய்ச்சல், வயிற்று உபாதை, அப்புறம் தொடையில் வலி. டாக்டர் மேல் டாக்டர். ஒருவர் வைரஸ் என்றார். ஒருவர் வயிற்றுக் கோளாறு என்றார். மனச்சோர்வு, பதற்றம், எல்லாம் மனசுலதான் என்றும் சொன்னார்கள்.

எங்கள் தொழிலில் இது நன்றாகப் பழகிய காட்சி. யூசர் ஒரு பக் ரிப்போர்ட் போடுவார். நாம் நம் மெஷினில் ஓட்டிப் பார்ப்போம், நன்றாக ஓடும். "பிரச்சினை எதுவும் இல்லை" என்று டிக்கெட்டை மூடிவிடுவோம். அவர் மறுபடியும் போடுவார். ரெண்டு மூணு தடவை ஆச்சுன்னா, இந்தாளுக்கு இதே வேலைன்னு பேச ஆரம்பிப்போம். மென்பொருளில் போவது ஒரு ரிலீஸ். இங்கே போனது பத்து மாதம்.

1986 அக்டோபரில்தான் கண்டுபிடித்தார்கள். ஓவரியன் கேன்சர், அதாவது சினைப்பைப் புற்றுநோய். நான்காம் நிலை.

அறுவை சிகிச்சை, கீமோதெரபி, கதிர்வீச்சு எல்லாம் நடந்தது. நடுவில் கொஞ்சநாள் நோய் அடங்கியது போல இருந்தது. 1988-இல் கேரி ஷான்ட்லிங்கின் டிவி நிகழ்ச்சியில் தலைகாட்டினார். ரொம்ப நாளா ஆளைக் காணோமே என்று அவர் கேட்க, "எனக்கு கேன்சர். உனக்கு என்ன வந்துச்சு?" என்றார் கில்டா. கேன்சர் என்ற வார்த்தையைக் காதோடு காதாகச் சொல்லிக்கொண்டிருந்த காலம் அது. டிப்பி சொல்லிக் கொடுத்த அதே வைத்தியம்தான். மற்றவங்க பரிதாபப்படறதுக்கு முன்னாடி நீயே ஜோக் அடிச்சுடு.

ரோசேன் ரோசேனடேனா அடிக்கடி சொல்லும் வசனம், எப்பவும் ஏதாவது ஒண்ணு இருந்துகிட்டேதான் இருக்கும் என்பது. அதையே தலைப்பாக வைத்து தன் வாழ்க்கையையும் நோயையும் பற்றிப் புத்தகம் எழுதினார். 1989-இல் வெளிவந்தது.

அதே வருஷம் மே 20, சனிக்கிழமை, லாஸ் ஏஞ்சலிஸில் இறந்தார். வயது 42. அன்று ராத்திரி சாட்டர்டே நைட் லைவ் இருந்தது. தொகுப்பாளர் ஸ்டீவ் மார்ட்டின். வழக்கமான தொடக்கப் பேச்சை விட்டுவிட்டு, 1978-இல் தானும் கில்டாவும் ஆடிய ஒரு நடன ஸ்கெட்சைப் போட்டுக் காட்டினார். அதைப் பற்றிப் பேசும்போது அவருக்குக் குரல் உடைந்தது. பார்பரா வால்டர்ஸ் வைல்டருக்கு இரங்கல் எழுதி அனுப்பினார். அதில் போட்ட கையெழுத்து, 'பாபா வாவா'.

வைல்டர் சும்மா இருக்கவில்லை. கில்டாவின் பாட்டி உள்பட ரத்த சம்பந்தமுள்ள பெண்கள் சிலருக்கும் இதே நோய் இருந்திருக்கிறது என்ற விவரம் அவரை அரித்தது. குடும்ப வரலாற்றை முதலிலேயே கோத்துப் பார்த்திருந்தால் என்ற கேள்வியோடு 1991-இல் அமெரிக்க நாடாளுமன்றக் குழு முன் சாட்சி சொன்னார். நியூயார்க் மாநிலத்தில் பஃபலோ நகரின் ராஸ்வெல் பார்க் மையத்தில், பரம்பரையாக இந்த நோய் வரும் குடும்பங்களின் பதிவேடு ஒன்று 1981 முதல் இருந்தது. அதற்கு கில்டாவின் பெயர் வைக்கப்பட்டது.

அப்போது பரம்பரை என்பது ஒரு சந்தேகம்தான். 1994-இல் பிஆர்சிஏ1, அடுத்த வருஷம் பிஆர்சிஏ2 என்ற மரபணுக்கள் அடையாளம் காணப்பட்டன. பொதுவாக ஒரு பெண்ணுக்கு வாழ்நாளில் இந்த நோய் வர வாய்ப்பு நூற்றுக்கு ஒன்றுக்குச் சற்று மேல். பிஆர்சிஏ1-இல் கோளாறு இருந்தால் அது நாற்பது வரை போகலாம். கில்டாவின் வம்சமான கிழக்கு ஐரோப்பிய யூதர்களில் சுமார் நாற்பது பேரில் ஒருவருக்கு இந்த மரபணுக்களில் கோளாறு உண்டு.

வைல்டர் அன்று வற்புறுத்திய சிஏ-125 ரத்தப் பரிசோதனை எல்லாருக்கும் உதவவில்லை என்பதையும் சொல்லிவிட வேண்டும். பிரிட்டனில் இரண்டு லட்சம் பெண்களை வைத்து நடந்த ஆய்வின் முடிவு 2021-இல் வந்தது. எந்த அறிகுறியும் இல்லாதவர்களுக்கு இந்தச் சோதனை செய்ததால் சாவு குறையவில்லை. ஆக இன்றைக்கும் கையில் இருப்பது ரெண்டே விஷயம். குடும்ப வரலாறு தெரிந்திருப்பது. வயிறு உப்புசம், கொஞ்சம் சாப்பிட்டாலே வயிறு நிறைவது, அடிவயிற்று வலி இதெல்லாம் வாரக்கணக்கில் விடாமல் இருந்தால் விடாப்பிடியாக டாக்டரிடம் கேட்பது.

1995-இல் நியூயார்க்கில் 'கில்டாஸ் கிளப்' திறந்தது. கேன்சர் வந்தவர்களும் குடும்பத்தாரும் காசு கொடுக்காமல் வந்து உட்கார்ந்து பேசலாம். வேறு ஊர்களிலும் கிளைகள் வந்தன. 2012-இல் விஸ்கான்சின் மாநிலத்தின் மேடிசன் கிளை பெயரை மாற்றப் போவதாக அறிவித்தது. காரணம், இளம் நோயாளிகளுக்கு கில்டா யாரென்றே தெரியவில்லையாம். பெரிய எதிர்ப்பு கிளம்பியது. எனக்குக் கோபம் வரவில்லை. டிவி காமெடியின் ஆயுசு அவ்வளவுதான். அந்த ராத்திரிக்குத்தான் அது.

ஆனால் எமிலி லிட்டெல்லாவைப் பார்க்கும்போது ஒன்று உறைக்கிறது. அந்த ஜோக் ஜோக்காக இருப்பதற்குக் காரணம், பக்கத்தில் ஒருவர் உட்கார்ந்து முழுசாகக் கேட்டுவிட்டு, எங்கே தப்பு என்று ரெண்டு நிமிடத்தில் சொல்லிவிடுகிறார். கில்டாவுக்கு அப்படி ஒருவர் கிடைக்கப் பத்து மாதம் ஆனது.

நம்ம வீடுகளில் பாட்டி எப்படிப் போனாங்கன்னு கேட்டால் "வயித்துல ஏதோ கட்டி" என்பதோடு பேச்சு முடிந்துவிடும். சித்திக்கு என்ன ஆபரேஷன்னு யாரும் சொல்ல மாட்டாங்க. அடுத்த தடவை ஊருக்குப் போகும்போது கேட்டு வையுங்க. "அதெல்லாம் எதுக்கு, சரி விடு" என்பார்கள். விடாதீங்க.

அப்புறம் நேரம் கிடைத்தால் அந்த 1978 நடனத்தைப் பாருங்க. ஒரு கிளப்பில் கண்ணும் கண்ணும் பார்த்துக்கொண்ட ரெண்டு பேர் எழுந்து ஆடுவார்கள். பாதி நிஜமான ஆட்டம், பாதி கோமாளித்தனம். எது எங்கே முடிகிறது என்று எனக்குக் கடைசிவரை பிடிபடவில்லை.