கழுதைக்குக் குரல் கொடுத்த ஹாம்லெட்

போலந்து நடிகர் யெஷி ஷ்டூரின் கதையைச் சொல்பவர்கள் பெரும்பாலும் அதை இரண்டு கூறாக வெட்டிவிடுகிறார்கள். ஒரு கூறில், இயக்குநர் ஆந்த்ரே வாய்தாவின் மேடையில் ஹாம்லெட்டாக நின்றவர், திரைப்பட இயக்குநர் கீஸ்லோவ்ஸ்கியின் தொடக்ககாலப் படங்களைத் தோளில் சுமந்தவர், கிராக்கோவ் நாடகக் கல்லூரியின் தலைமைப் பொறுப்பை இரண்டு முறை வகித்தவர் இருக்கிறார். மற்றொரு கூறில் இருப்பவர், 2001-இல் ‘ஷ்ரெக்’ போலிஷ் மொழியில் வந்தபோது அதன் வாயாடிக் கழுதைக்குக் குரல் கொடுத்து நாட்டுப் பிள்ளைகளைச் சிரிக்கவைத்தவர். முதலாவது கலை, இரண்டாவது பிழைப்பு என்பது வெட்டுபவர்களின் எண்ணம். இந்தப் பிரிவினை தவறு என்றே நினைக்கிறேன். ஷ்டூர் முதல் நாளிலிருந்தே குரலால் நடித்தவர். தன்னைவிடப் பெரிய ஒன்றின் முன்னால் நின்றுகொண்டு, வாயை மூட முடியாமல் பேசிக்கொண்டே இருக்கும் சாதாரண மனிதனின் பேச்சுதான் அவர் வாழ்நாள் முழுவதும் கையாண்ட சரக்கு. கழுதையும் அந்த மனிதர்களில் ஒருவன்தான்.

1947 ஏப்ரல் 18 அன்று கிராக்கோவில் பிறந்த ஷ்டூர், நடிப்புப் பள்ளிக்கு நேராகப் போகவில்லை. யாகியெலோனியப் பல்கலைக்கழகத்தில் போலிஷ் மொழியும் இலக்கியமும் படித்து 1970-இல் பட்டம் பெற்ற பிறகே நடிப்புப் படிப்பை முடித்து, அந்நகரின் புகழ்பெற்ற ஸ்டாரி நாடக அரங்கில் சேர்ந்தார். முதலில் மொழி, பிறகு நடிப்பு என்ற இந்த வரிசை முக்கியமானது. கீஸ்லோவ்ஸ்கியின் ‘ஸ்போகுய்’ (அமைதி), ‘அமடோர்’ (கற்றுக்குட்டி) ஆகிய இரு படங்களிலும் வசனம் எழுதியவர்கள் என்று இயக்குநரின் பெயரோடு ஷ்டூரின் பெயரும் இருக்கிறது. ஆவணப்படங்களிலிருந்து வந்த கீஸ்லோவ்ஸ்கிக்கு, எழுதிவைத்துப் படிப்பதுபோல் ஒலிக்காத பேச்சு வேண்டியிருந்தது. அதைத் தருவதற்கு மொழி படித்த ஒரு நடிகர் கிடைத்தார். ‘ஸ்போகுய்’ படத்தின் நாயகன் அன்டோனி கிராலாக் சிறையிலிருந்து வெளியே வந்து கட்டுமான வேலைக்குச் சேர்கிறான். மனைவி, வீடு, சாப்பாடு, கொஞ்சம் நிம்மதி, இவ்வளவுதான் அவன் கேட்பது. மேலாளருக்கும் வேலைநிறுத்தம் செய்யும் தொழிலாளர்களுக்கும் நடுவே அகப்பட்டு, கடைசியில் சக தொழிலாளர்களிடமே அடிபட்டுத் தரையில் கிடக்கிறான். அப்போதும் அவன் உதடுகள் அந்த ஒரே சொல்லைத்தான் முணுமுணுக்கின்றன: ஸ்போகுய், ஸ்போகுய். முழுப் படமும் அந்த முணுமுணுப்பில் வந்து முடிகிறது. 1976-இல் எடுத்த இந்தப் படம், வேலைநிறுத்தத்தைக் காட்டியதால் முடக்கிவைக்கப்பட்டு, கப்பல் கட்டும் தளங்களின் போராட்டம் நாட்டையே உலுக்கிய 1980-இல்தான் தொலைக்காட்சிக்கு வந்தது.

‘அமடோர்’ 1979-இல் வந்தது. மாஸ்கோ திரைப்பட விழாவில் முதன்மைப் பரிசும் பெற்றது. பிறக்கப்போகும் குழந்தையைப் படம்பிடிக்க 8 மி.மீ. கேமரா ஒன்றை வாங்கும் ஆலை ஊழியன் ஃபிலிப், ஆலையின் வெள்ளிவிழாவைப் படமாக்கப் போய், கலையிலும் தணிக்கையிலும் சிக்கிக்கொள்கிறான். மனைவி பிரிந்து போகிறாள். இறுதியில் அவன் கேமராவைத் தன் பக்கமே திருப்பி வைத்துக்கொண்டு, குழந்தை பிறந்த இரவை வாய்விட்டுச் சொல்லத் தொடங்குகிறான். கேமராவைப் பற்றிய படம் ஒரு குரலிடம் போய் முடிகிறது. இதே காலத்தில் ஃபெலிக்ஸ் ஃபால்க் இயக்கிய ‘வோஜிரெய்’ படத்தில், சிற்றூர்களில் கொண்டாட்ட நிகழ்ச்சிகளை மைக் பிடித்து நடத்தும் லுட்டெக் டேனியலாக்காக ஷ்டூர் நடித்தார். பெரிய விழா ஒன்றை நடத்தும் வாய்ப்புக்காக நண்பர்களையும் காட்டிக்கொடுக்கும் அந்த மனிதனின் ஒரே ஆயுதம் வாய். அந்த வாய்க்குப் பயிற்சி எங்கே கிடைத்தது? 1970-களில் கிராக்கோவ் தொலைக்காட்சியின் பாட்டும் நையாண்டியும் கலந்த நிகழ்ச்சிகளில். 1977-இல் ஓபோலே பாட்டு விழாவில், யார் வேண்டுமானாலும் பாடலாம் என்ற பொருள்படும் தலைப்புள்ள பாட்டைப் பாடி நாடு முழுக்கத் தெரிந்தவரானார். ‘ஒழுக்கக் கவலையின் சினிமா’ என்று விமரிசகர்கள் பெயரிட்ட அந்தக் கனமான படங்களுக்கும், கேளிக்கை மேடைக்கும் நடுவே அவர் சுவர் எழுப்பிக்கொண்டதே இல்லை. மேடையில் கற்றதுதான் படத்தில் விளைந்தது. இதை மறந்துவிட்டு, 2001-இல் அவர் தரம் இறங்கினார் என்பது வரலாற்றுக்குப் பொருந்தாது.

நாடக மேடைக்கு வந்தாலும் இதே கோடுதான். 1981-இன் இறுதியில், போலந்தில் இராணுவச் சட்டம் அறிவிக்கப்படுவதற்குச் சற்று முன்பு, வாய்தாவின் இயக்கத்தில் ஹாம்லெட். 1984-இல் அதே வாய்தாவின் ‘குற்றமும் தண்டனையும்’ நாடகத்தில் விசாரணை அதிகாரி போர்ஃபீரி. குற்றவாளியை விலங்கால் பிடிக்காமல் பேசிப் பேசியே பிடிப்பவன். 1985-இலிருந்து பாட்ரிக் சூஸ்கிண்டின் ‘கான்ட்ரபாஸ்’: இசைக்குழுவின் பின்வரிசையில் நிற்கும் ஒரு வாத்தியக்காரன், வெளியே சத்தம் கேட்காத அறைக்குள் தன்னந்தனியாகப் புலம்புகிறான். இந்தத் தனி நடிப்பை ஷ்டூர் பல நூறு முறை நிகழ்த்தினார். நகைச்சுவையிலும் வேறுபாடில்லை. யூலியுஷ் மகுல்ஸ்கியின் ‘செக்ஸ்மிஸ்யா’ 1984-இல் வந்தது. உறைநிலையில் தூங்கவைக்கப்பட்ட இரண்டு ஆண்கள், பெண்கள் மட்டுமே வாழும் எதிர்கால நிலவறை உலகில் விழிக்கிறார்கள். தப்பி வெளியே வந்ததும், கிழக்கே போவோம், அங்கேதான் ஏதாவது நாகரிகம் இருக்கும் என்கிறான் ஷ்டூரின் பாத்திரமான மக்ஸ். கிழக்கே இருப்பது சோவியத் ஒன்றியம் என்பதை எந்தப் போலந்துக்காரருக்கும் சொல்ல வேண்டியதில்லை. அந்த வசனத்தின் கூர்மை அதைச் சொன்ன அப்பாவித் தொனியில் இருக்கிறது. சற்றே கண்சிமிட்டிச் சொல்லியிருந்தாலும் அது வெறும் துணுக்காகப் போயிருக்கும்.

இனி கழுதைக்கு வருவோம். போலந்தின் வழக்கம் ஒன்றைத் தெரிந்துகொண்டால்தான் இந்தக் குரலின் எடை விளங்கும். அங்கே தொலைக்காட்சியில் வரும் அயல்மொழிப் படங்களுக்கு முழு டப்பிங் செய்வது வழக்கமில்லை. ‘லெக்டர்’ எனப்படும் ஒரே ஓர் ஆண்குரல், நாயகன், நாயகி, வில்லன் எல்லோருடைய வசனத்தையும் ஏற்ற இறக்கமின்றிப் படித்துக்கொண்டே போகும். அடியில் மூலக் குரல்களும் கேட்கும். திரையரங்கில் துணையெழுத்து. டப்பிங் பெரும்பாலும் குழந்தைகள் படத்துக்கு. உணர்ச்சியற்ற குரலுக்குப் பழகிய அந்தக் காதுகளுக்கு, இயக்குநர் யோன்னா விஸ்மூரும் வசனம் எழுதிய பர்டோஷ் வியெஷ்பியெண்டாவும் உருவாக்கிய ‘ஷ்ரெக்’ வேறு அனுபவமாக இருந்தது. சொல்லுக்குச் சொல் மாற்றாமல், போலந்து வாழ்க்கையின் சாடைகளையும் தெருப்பேச்சையும் உள்ளே கொண்டுவந்தார்கள். பெரியவர்களும் குழந்தைகளுக்குச் சமமாகச் சிரித்தார்கள்.

இங்கே ஒரு வலுவான மறுப்பு உண்டு. ஆங்கிலத்தில் எடி மர்ஃபி உருவாக்கிய பாத்திரத்தின் நகல்தானே இது? படம் ஏற்கெனவே முடிந்துவிட்டது, வாயசைவு தீர்மானமாகிவிட்டது, அந்த அச்சில் சொற்களை ஊற்றுவது நடிப்பாகுமா? அச்சு உண்மைதான். ஆனால் மர்ஃபியின் வேகம் அமெரிக்கக் கறுப்பின நகைச்சுவை மேடையில் விளைந்தது. அதற்கு இணையான மேடை போலந்தில் கிடையாது. நகலெடுத்திருந்தால் வெற்று ஓசைதான் மிஞ்சியிருக்கும். 1998-இல் ‘முலான்’ படத்தில் மர்ஃபியே பேசிய டிராகன் மூஷூவுக்கும் போலிஷில் குரல் கொடுத்திருந்த ஷ்டூர், கழுதைக்கு வேறோர் ஊற்றைத் தேடினார். ராட்சதர்கள் வெங்காயம் மாதிரி, அடுக்கடுக்காக இருப்பார்கள் என்று ஷ்ரெக் விளக்கும் காட்சியைக் கவனியுங்கள். கழுதை விடாமல் வேறு அடுக்குள்ள தின்பண்டங்களை அடுக்கிக்கொண்டே போகிறது. மர்ஃபியிடம் அது தன்னம்பிக்கையின் துள்ளல். ஷ்டூரிடம் அதே பேச்சில் ஒரு பதற்றம் ஓடுகிறது: பேச்சு நின்றால் எதிரே இருப்பவன் எழுந்து போய்விடுவான், மறுபடியும் தனியாகிவிடுவோம் என்ற பயம். கான்ட்ரபாஸ்காரனும் மைக்கைப் பிடித்த லுட்டெக்கும் இதே பயத்தில்தான் பேசினார்கள்.

கழுதையின் துணையாகப் பேசியவர் யார் என்பதும் தற்செயலான விஷயமாக எனக்குத் தெரியவில்லை. ஷ்ரெக்கின் போலிஷ் குரல் ஸ்பிக்னியெவ் ஸமஹோவ்ஸ்கி. கீஸ்லோவ்ஸ்கியின் ‘டெகலாக்’ வரிசையின் பத்தாவது படத்தில், அப்பாவின் தபால்தலைச் சேகரிப்பைப் பெற்று அதன் பேராசையில் சிக்கும் அண்ணன் தம்பியாக நடித்தவர்கள் ஷ்டூரும் இவரும்தான். அதில் ஷ்டூரின் பாத்திரம் ஓர் அபூர்வத் தபால்தலைக்காகத் தன் சிறுநீரகத்தையே கொடுக்கிறது. அவருடைய 1994-இன் ‘வெள்ளை’ படத்திலும் இவர்கள் சகோதரர்கள். கீஸ்லோவ்ஸ்கி 1996-இல் இறந்துவிட்டார். அவர் சேர்த்துவைத்த அண்ணன் தம்பியின் குரல்கள்தான் ஐந்தாண்டு கழித்து ஒரு ராட்சதனும் கழுதையுமாகச் சண்டைபோட்டுச் சமாதானமாகின.

இத்தனைக்கும் பிறகு, எல்லாவற்றையும் குரலுக்குள் அடைத்தால் ஷ்டூரின் முகமும் இயக்குநர் பணியும் என்னாவது என்று கேட்கலாம். இது நியாயமான கேள்வி. கீஸ்லோவ்ஸ்கி விட்டுச்சென்ற திரைக்கதையைக் கொண்டு 2000-இல் ஷ்டூரே இயக்கி நடித்த ‘டுஷே ஸ்வியெஷே’ (பெரிய விலங்கு) கறுப்பு வெள்ளைப் படம். ஊருக்கு வந்த சர்க்கஸ் விட்டுப்போன ஒட்டகத்தை ஒரு வங்கி ஊழியரும் மனைவியும் வளர்க்கிறார்கள். ஊர் மெல்ல மெல்லப் பகையாகிறது. அங்கே விலங்கு பேசுவதில்லை, அவரும் அதிகம் பேசுவதில்லை. ஒட்டகத்தின் பக்கத்தில் அவர் நடந்துபோகும் காட்சிகளில் முகமே போதுமானதாக இருக்கிறது. பேச்சு இல்லாத இடத்தில் என்ன ஆகும் என்பதை அறிந்தவர்தான் அடுத்த ஆண்டே பேச்சை நிறுத்தாத விலங்குக்கும் குரலானார். ஆகவே இந்தப் படம் என் வாதத்தைத் திருத்துகிறதே தவிர மறுக்கவில்லை.

2011-இல் நானி மொரெட்டியின் ‘ஹபேமுஸ் பாப்பம்’ என்ற இத்தாலியப் படத்தில் ஷ்டூர் வாடிகனின் செய்தித் தொடர்பாளராக வருகிறார். புதிய போப் ஓடிப்போய்விட்டதை மறைக்க, போப்பின் அறையில் ஒரு காவலரை உட்காரவைத்துத் திரைச்சீலையை அசைக்கச் சொல்லி, வெளியே இனிமையாகப் பேசிச் சமாளிக்கும் மனிதர் அவர். அதே ஆண்டில் ஷ்டூருக்குக் குரல்வளைப் புற்றுநோய் கண்டறியப்பட்டது. சிகிச்சைக்குப் பிறகு மறுபடி பேசினார். 2014-இல் ‘ஒபிவடெல்’ படத்தை இயக்கி மகன் மச்சேயுடன் சேர்ந்து நடித்தார். 2024-இல் வார்சாவின் போலோனியா அரங்கில் ‘கெனியுஷ்’ நாடகத்தை இயக்கி, ஸ்டாலினின் எதிரே அமர்ந்து பேசும் நாடக மேதை ஸ்தனிஸ்லாவ்ஸ்கியாக மேடையேறினார். அந்த ஆண்டு ஜூலை 9-ஆம் தேதி, 77-ஆவது வயதில் காலமானார்.