வாயிற்சிரை

கல்லீரலின் அடிப்புறத்தில் ஏறத்தாழ 5 செ.மீ. நீளத்துக்குக் குறுக்காக ஓடும் பிளவுக்கு இலத்தீனில் 'போர்ட்டா' என்று பெயர்; பொருள், வாயில். கல்லீரல் தமனியும் நரம்புகளும் உள்ளே நுழைவதும் பித்தநாளங்கள் வெளியே வருவதும் இவ்வழியேதான். குடல், மண்ணீரல் இரத்தத்தைத் திரட்டிக்கொண்டு இங்கே நுழையும் பெருஞ்சிரைக்கு இந்த இடத்தை வைத்தே 'போர்ட்டல்' என்ற அடைமொழி அமைந்தது. சுமத்தலைக் குறிக்கும் 'போர்ட்டாரே' என்ற வினையோடு இணைக்கத் தோன்றும், ஆனால் பொருந்தாது. சுமப்பது எல்லாச் சிரைக்கும் பொதுவான வேலை. அதைவிட வலுவான சான்று, கல்லீரலிலிருந்து இரத்தத்தை வெளியேற்றும் சிரைகளுக்கு இப்பெயர் கிடையாது என்பது. அவை வாயிலைத் தொடாமல் பின்புறமாகக் கீழ்ப்பெருஞ்சிரையில் சேர்கின்றன.

பிட்யூட்டரியிலும் போர்ட்டல் நாளங்கள் உண்டே, அங்கே வாயில் ஏது என்று கேட்கலாம். நியாயமான கேள்வி. உடற்கூற்றியலாளர்கள் போப்பா, ஃபீல்டிங் இருவரும் 1930இல் அவற்றை விவரித்தபோது கருதியது வாயிலை அன்று. ஒரு தந்துகி வலையிலிருந்து புறப்படும் இரத்தம், இதயத்துக்குத் திரும்பாமலே மற்றொரு தந்துகி வலைக்குள் பாயும் அமைப்பை. கல்லீரலின் போர்ட்டல் சிரையின் இயல்பும் அதுவே. ஆக, இடத்தைச் சுட்டிய சொல் பின்னாளில் ஓட்டத்தின் வகையைச் சுட்டலாயிற்று. கல்லீரலுக்கு 'வாயிற்சிரை' என்று தயங்காமல் எழுதலாம். பிட்யூட்டரிக்குப் 'போர்ட்டல்' என்பதே இருக்கட்டும்.